கவுன்சலிங் ரூம்ல நாம பேஷண்டா, க்ளையன்டா?

பெரம்பூர்லேர்ந்து ஒரு அக்கா மெசேஜ் பண்ணியிருந்தாங்க. பொண்ணு காலேஜ் செகண்ட் இயர், ரெண்டு மாசமா ஒரு சைக்காலஜிஸ்ட்கிட்ட போறா, அங்க கொடுத்த ஃபார்ம்ல வக்கீல் ஆபீஸ் மாதிரி 'க்ளையன்ட் பெயர்'னு இருக்கு, அப்ப இவ பேஷண்ட் இல்லையா, மருந்தும் கொடுக்காம சும்மா பேசிக்கிட்டு இருக்கறதுக்கா காசுன்னு கேட்டிருந்தாங்க.

மருந்து கதையை முதல்ல முடிச்சிடறேன். சைக்கியாட்ரிஸ்ட்ங்கறவர் எம்பிபிஎஸ் முடிச்சு மனநல மருத்துவம் படிச்ச டாக்டர், மாத்திரை எழுதுவார். சைக்காலஜிஸ்ட் எழுத மாட்டார், அவர் படிச்சது உளவியல். சிலருக்கு ரெண்டு பேருமே தேவைப்படுவாங்க, அது தப்பே இல்ல.

இப்ப பேருக்கு வருவோம். 'பேஷண்ட்'ங்கறது 'கஷ்டத்தைத் தாங்கிக்கறவர்'ங்கற அர்த்தம் உள்ள லத்தீன் சொல்லுலேர்ந்து வந்தது. அப்பெண்டிக்ஸ் ஆபரேஷன்ல நாம மயக்கத்துல கிடந்தா போதும், மத்ததை டாக்டர் பாத்துப்பார், ஆனா மனசு விஷயத்துல நாம மயக்கத்துல கிடந்தா ஒரு வேலையும் நடக்காது, பாதி வேலை நம்மளோடது. அமெரிக்க உளவியலாளர் கார்ல் ராஜர்ஸ் இதைப் பிடிச்சுக்கிட்டுதான் 1940கள்ல 'க்ளையன்ட்'ங்கற வார்த்தையைப் பரப்பினார், 1951ல வந்த அவரோட புத்தகத்தோட தலைப்புலயே அந்த வார்த்தை இருக்கு. அதுக்காக எல்லாருக்கும் அது பிடிச்சிருச்சுன்னு இல்ல, பிரிட்டன்ல எடுத்த சில சர்வேல நிறைய பேர் எங்களை பேஷண்ட்னே கூப்பிடுங்கன்னு சொல்லியிருக்காங்க. எனக்கு ரொம்பப் பிடிச்சது இலங்கைத் தமிழ்ல புழங்கற சொல்லுதான். அங்க கவுன்சலிங்கை உளவளத்துணைன்னு சொல்வாங்க, தேடி வர்றவர் துணைநாடி. துணையை நாடி வந்தவர், அவ்வளவுதான், அதுல நோயும் இல்ல, பில்லும் இல்ல.

சரி, 'சும்மா பேசறது'ன்னு கேட்டீங்களே அக்கா, அந்த சும்மாவுக்குள்ள என்ன நடக்குதுன்னு சொல்லணும்னுதான் உக்காந்தேன்.

ராஜர்ஸ் ஒஹாயோ ஸ்டேட் பல்கலைக்கழகத்துல இருந்தப்ப கவுன்சலிங் பேச்சை கிராமபோன் தட்டுல பதிவு பண்ணார். ஒரு பக்கம் சில நிமிஷத்துல தீந்துடும், தட்டை மாத்தி மாத்திப் போட்டுக்கிட்டே இருக்கணும், அவ்வளவு பாடுபட்டு எடுத்த ஒரு கேஸோட எட்டு செஷனையும் வார்த்தைக்கு வார்த்தை 1942ல புத்தகமா போட்டார், ஆளோட நிஜப் பேரை மறைச்சுட்டு. அது வரைக்கும் உள்ள என்ன பேசினாங்கங்கறதுக்குப் பெரும்பாலும் அந்த நிபுணரோட ஞாபகம்தான் சாட்சி. தட்டுகளைப் போட்டுக் கேட்டு எண்ணிப் பாத்தா, அறிவுரை சொல்ற பாணி ஆளுங்க அறிவுரை சொல்லாம காது கொடுத்துக் கேக்கற பாணிக்காரங்களைவிட கிட்டத்தட்ட ஆறு மடங்கு வார்த்தை பேசியிருக்காங்க!

அந்தக் காது கொடுத்துக் கேக்கற பாணியோட முக்கியமான கருவி, கேட்டதைத் திருப்பிச் சொல்றது. கிளிப்பிள்ளை மாதிரி இல்ல, சொன்னதுக்கு அடியில என்ன இருக்குன்னு ஊகிச்சு சொல்றது. போன வருஷம் எக்மோர்ல ஒரு பயிற்சி வகுப்புக்குப் போயிருந்தேன், ஜோடி ஜோடியா உக்கார வச்சு ஒருத்தரை நிஜமா ஒரு சின்ன விஷயம் சொல்லச் சொன்னாங்க. நான் சொன்னேன், "நேத்து நைட்டு அப்பா போன் பண்ணார், நான் எடுக்கல." எதிர்ல இருந்த தம்பி கொஞ்ச நேரம் பேசாம இருந்துட்டு, "அவர் மேல கோவமா இருந்துச்சு"ன்னு சொன்னான். நான் உடனே "கோவம் இல்லப்பா, பயம், உடம்புக்கு ஏதோ ஆயிடுச்சுன்னு சொல்லப் போறாரோன்னு பயம்"னேன். சொல்லி முடிச்சப்பறம்தான் அது எனக்கே தெரியும்.

கவனிங்க, அவன் ஊகம் தப்பு. தப்பா இருந்ததாலதான் திருத்தினேன், திருத்தினதாலதான் சரியான வார்த்தை என் வாயிலேர்ந்தே வந்துச்சு. இதுல இன்னொரு நுணுக்கம் இருக்கு, அவன் "கோவமா இருந்துச்சா?"ன்னு கேக்கல, "கோவமா இருந்துச்சு"ன்னான். தமிழ்ல கடைசியில ஒரே ஒரு 'ஆ'தான் வித்தியாசம். அந்த 'ஆ' வந்தா வைவா எக்ஸாம் மாதிரி ஆமா இல்லன்னு பதில் சொல்லிட்டு வாயை மூடிப்போம், அது இல்லாம குரலைத் தணிச்சு சொன்னா மனசு தானா அடுத்த வாக்கியத்துக்குப் போகுது. அன்னிக்கு முழுக்க 'ஆ' போட்டும் போடாமலும் மாத்தி மாத்திப் பண்ணிப் பாத்தோம், ஒவ்வொரு ஜோடியிலயும் வித்தியாசம் தெரிஞ்சுது.

உணர்ச்சிக்குப் பேர் வைக்கறதுக்கே ஒரு பலன் இருக்கு. லாஸ் ஏஞ்சலஸ்ல மேத்யூ லீபர்மேன் குழு 2007ல ஸ்கேனருக்குள்ள ஆளுங்களைப் படுக்க வச்சு கோபமான முகம், பயந்த முகம்னு காட்டி, அந்த உணர்ச்சிக்குச் சரியான சொல்லைத் தேர்ந்தெடுக்கச் சொன்னாங்க. அப்ப மூளையில பயத்துக்கு அலாரம் அடிக்கற அமிக்டலாவோட செயல்பாடு குறைஞ்சுது. அது படத்தை வச்சுப் பண்ண லேப் சோதனை, முழு தெரபிக்கும் அதுவே விளக்கம்னு சொல்ல மாட்டேன், ஆனா சரியான வார்த்தை கிடைச்சதும் நெஞ்சு லேசாகுதே, அதுக்கு உடம்புல ஒரு வழி இருக்குன்னு காட்டுது.

எனக்கு ஒரு ஆசை, ராஜர்ஸ் இங்கிலீஷுக்குப் பண்ண மாதிரி தமிழ்ல நடக்கற கவுன்சலிங்கையும் சம்மதத்தோட பதிவு பண்ணி, எந்த 'ஆ' எந்த 'போல' என்ன பண்ணுதுன்னு ஆராய நிறைய காசு ஒதுக்கணும். அதுக்கு முன்னாடி நம்ம வாயையும் திருத்தணும். 1794லேர்ந்து தொடர்ந்து வர்ற ஒரு மனநல மருத்துவமனை இருக்கற சென்னையில, அது இப்ப இருக்கற கீழ்ப்பாக்கம்ங்கற பேரையே திட்டற வார்த்தையா வச்சிருக்கோம். சட்டம்கூட மாறிடுச்சு, 1912ல பைத்தியம்ங்கற அர்த்தத்துல எழுதினது, 2017 சட்டத்துல 'மனநோய் உள்ள நபர்'னு ஆயிருக்கு. இந்த ஏச்சுக்குப் பயந்துதான் டாக்டர்கிட்ட வர வேண்டியவங்க பேய் ஓட்டறவர்கிட்டயும் மந்திரிக்கிறவர்கிட்டயும் மாசக்கணக்குல அலையறாங்க, எனக்கு அது தாங்க முடியல. நேர்ல போகக் கூச்சமா இருந்தா 14416ன்னு அரசாங்கத்தோட டெலி மானஸ்ங்கற மனநல உதவி போன் நம்பர் இருக்கு, காசு கிடையாது, தமிழ்லயே பேசலாம்.

அக்கா, பொண்ணு வீட்டுக்கு வந்ததும் உள்ள என்ன பேசினன்னு கேக்காதீங்க, அது அவளுக்கும் அந்த சைக்காலஜிஸ்டுக்கும் நடுவுல இருக்க வேண்டியது. காபியைக் கையில கொடுத்துட்டு "டயர்டா இருக்க போல"ன்னு சொல்லுங்க. 'இருக்கியா' வேணாம்.