சிதறலைச் சிதைக்க வேண்டாம்

கூடலூரிலிருந்து கோத்தகிரி வரை பள்ளி அறிவியல் கண்காட்சி என்று ஒன்று நடந்தால், அணுவைப் பற்றிய சார்ட் ஒன்று கட்டாயம் இருக்கும். நடுவில் தங்கத்துக்கு மஞ்சள் தாள், அதன் மேல் பாயும் சிவப்பு அம்புகள், கீழே கொட்டை எழுத்தில் ‘ஆல்பாத் துகள் சிதைவுச் சோதனை’. பிள்ளை கை தவறி எழுதியது என்றால் விட்டுவிடலாம். போட்டித் தேர்வுக் குறிப்பேடு, காணொளிப் பாடம், அவசரத்தில் மொழிபெயர்த்த கட்டுரை என்று எங்கே பார்த்தாலும் ‘சிதறல்’ இருக்க வேண்டிய இடத்தில் இதே ‘சிதைவு’ வந்து நிற்கிறது. ‘ற’ போய் ‘தை’ வந்ததில் என்ன பெரிய குற்றம் என்று கேட்பவர்கள் இருக்கிறார்கள். குற்றம்தான். சோதனையே தலைகீழாகிவிடுகிறது.

சொல்லின் பிறப்பை முதலில் முடித்துவிடுவோம். சிதறு என்றால் பலவாகப் பல பக்கமும் போதல். நெல் சிதறும், பொரி சிதறும், கூட்டம் சிதறும். மழைத்துளிக்குச் ‘சிதர்’ என்று பழந்தமிழில் பெயர் உண்டு. சிதை வேறு வினை. உருக்குலைதல், கெடுதல், அழிதல். ஆங்கிலத்தின் ‘ஸ்கேட்டர்’ என்ற சொல்லும் நொறுங்குதலைக் குறிக்கும் ‘ஷேட்டர்’ என்ற சொல்லும் உடன்பிறப்புகள் என்பார்கள். ஜெர்மன்காரர்கள் ‘ஷ்ட்ராயுங்’ என்கிறார்கள், நேர்ப்பொருள் தூவுதல். நம்முடைய சிதறல் இந்தத் தூவுதலுக்குத்தான் பக்கம். வேர் ஆராய்ச்சி இவ்வளவு போதும்.

இயற்பியலில் சிதைவு என்பதற்குத் தனி வேலை இருக்கிறது. கதிரியக்க அணுக்கரு தானாக ஆல்பாவையோ (ஹீலியத்தின் அணுக்கரு) பீட்டாவையோ (வேகமான எலக்ட்ரான்) உமிழ்ந்து வேறு தனிமமாக மாறுவது சிதைவு. ‘ஆல்பாச் சிதைவு’ என்று பாடநூலில் தனித் தலைப்பே உண்டு. அணுக்கருவைக் கண்ட ரூதர்போர்டின் ஆய்வகத்தில், கைகரும் மார்ஸ்டனும் மான்செஸ்டரில் 1913இல் முடித்த அளவீட்டில் இந்தச் சிதைவும் உண்டு, சிதறலும் உண்டு. கருவியின் ஒரு முனையில் ஒன்று, நடுவில் மற்றொன்று.

கருவி இப்படி. காற்றை உறிஞ்சி எடுத்த உலோகப் பெட்டி. ஆல்பாத் துகள் காற்றில் ஏழு சென்டிமீட்டருக்குள் ஓய்ந்துவிடும் என்பதால் காற்றை எடுத்தே ஆக வேண்டும். உள்ளே மெல்லிய அடைப்புள்ள சிறு கண்ணாடிக் குழாயில் ரேடான் வாயு. அன்று அதற்கு ரேடியம் எமனேஷன் என்று பெயர். ஆல்பா இங்கிருந்து கிளம்புகிறது. இது சிதைவு. எதிரே தங்கம். அதைக் கடக்கும்போது ஆல்பாக்கள் வெவ்வேறு கோணங்களில் திரும்புகின்றன. இது சிதறல். துத்தநாக சல்பைடு பூசிய திரை நுண்ணோக்கியின் முனையில் ஒட்டியிருக்கும். இருட்டில் கண் பழகியபின், திரையில் விழும் ஒவ்வொரு ஒளிப்பொறியையும் ஆள் உட்கார்ந்து எண்ண வேண்டும். ஆல்பாவின் மூலமான ரேடான் குழாயும் தங்கமும் அசையாது. நுண்ணோக்கியோடு பெட்டி மட்டும் சுழலும்.

இதில் ஒரு சிக்கல் இருந்தது. 15 பாகையில் எண்ணிக்கை 1,32,000 என்றால் 150 பாகையில் 33 மட்டுமே. நாலாயிரம் மடங்கு வேறுபாடு. 150 பாகையில் போதுமான பொறி விழும் அளவுக்கு வலுவான மூலத்தை வைத்தால், 15 பாகையில் திரை முழுக்கப் பொறியாகி எண்ண முடியாமல் போகும். மூலத்தை வலுக்குறைத்தால் பெரிய கோணத்தில் இரவெல்லாம் உட்கார்ந்தாலும் எண்ணிக்கை தேறாது. வழியைக் கொடுத்தது ரேடானே. அதன் அரைவாழ்வு, அதாவது பாதியாகக் குறைய ஆகும் காலம், 3.8 நாள். மூலம் புதிதாக இருக்கும்போது பெரிய கோணங்கள், அது தளர்ந்தபின் சிறிய கோணங்கள் என்று எண்ணி, இடையில் மூலம் எவ்வளவு தளர்ந்தது என்று கணக்கிட்டு எல்லா எண்ணிக்கையையும் ஒரே அளவுக்குக் கொண்டுவந்தார்கள். அதாவது சிதறல் எண்ணிக்கைக்குச் சிதைவுத் திருத்தம் போட்டார்கள். இரண்டுக்கும் ‘சிதைவு’ என்றே எழுதும் நமது குறிப்பேட்டாசிரியர் இந்த வாக்கியத்தை எப்படி எழுதுவார்? சிதைவுக்குச் சிதைவுத் திருத்தம் என்றா?

திருத்திய எண்களில்தான் அணுக்கரு இருக்கிறது. 60 பாகையில் 477, 150 பாகையில் 33.1. பாதிக் கோணத்தின் சைனுக்கு நான்காம் அடுக்கை எடுத்து, எண்ணிக்கையோடு பெருக்குங்கள். முதலாவது 29.8, இரண்டாவது 28.8. எண்ணிக்கை பதினான்கு மடங்கு சரிந்தும் பெருக்குத்தொகை ஏறக்குறைய அசையவில்லை. நேர்மின்னூட்டம் முழுவதும் ஒரு புள்ளியில் குவிந்திருந்தால் இப்படித்தான் வரவேண்டும் என்று ரூதர்போர்டு 1911இலேயே கணக்குப் போட்டிருந்தார். உலோக இலையின் கனம், தனிமத்தின் எடை, துகளின் வேகம் இவற்றை மாற்றிப் பார்த்தபோதும் கணக்கு நின்றது.

சொல்லாக்கக்காரர்கள் இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். ஒரு ஆல்பா சிதறுவதில்லை; விலகுகிறது. ஒரு நெல்மணி சிதறியது என்று தமிழில் யாரும் சொல்ல மாட்டோம். கைப்பிடி நெல் என்றால்தான் சிதறும். சிதறல் என்பது பன்மையின் சொல், எண்ணிக்கையின் சொல். சுமார் 0.4 மைக்ரான் (மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு ஒரு மைக்ரான்) கனமுள்ள தங்கத்தில் ஆல்பாக் கற்றையின் மிக வாய்ப்புள்ள விலகல் 0.87 பாகைதான். அதே தங்கத்தில் ஏறத்தாழ 20,000க்கு ஒன்று 90 பாகை அளவுக்குத் திரும்பியது. சின்னச் சின்ன விலகல்கள் ஒன்றுமேல் ஒன்று சேர்ந்து 90 பாகை ஆவதற்கான வாய்ப்பு கிட்டத்தட்டச் சுழி. ஆகவே அந்தப் பெரிய திருப்பம் ஒரே மோதலில் வந்திருக்க வேண்டும். விலகல், சிதறல் என்ற இரண்டு சொல்லும் கையில் இருந்தால் இந்த வாதம் தமிழில் தெளிவாக ஓடும். ஒன்றைத் தொலைத்தால் நொண்டும்.

இனி தெறிப்பு. இதைச் சொல்பவர்கள் விவரம் தெரிந்தவர்கள். அதனால்தான் விரிவாகப் பதில் சொல்ல வேண்டியிருக்கிறது. ‘சிதறல் சப்பையாக இருக்கிறது, ஆலங்கட்டி தகரக் கூரையில் விழுந்து தெறிக்கிறதே, அந்த வேகம் சொல்லில் வேண்டாமா’ என்பது அவர்கள் கட்சி. தேயிலைத் தோட்ட லைன் வீட்டில் ஆலங்கட்டிச் சத்தம் கேட்டவர்களுக்கு இந்த உவமை பிடிக்காமல் போகாது. ஆனால் மூன்று இடத்தில் இடிக்கிறது.

முதலாவது, அந்தச் சொல்லுக்கு ஏற்கனவே குடியிருப்பு உண்டு. இலங்கைப் பாடநூல்களில் ஒளித்தெறிப்பு என்றால் கண்ணாடியில் பட்டுத் திரும்புவது, இங்கே நாம் எதிரொளிப்பு என்பது. முறிவு என்றால் ஒளிவிலகல். 1964இன் சாஸ்திரி–சிறிமாவோ ஒப்பந்தத்துக்குப் பிறகு மலையகத்திலிருந்து வந்து கூடலூரிலும் கோத்தகிரியிலும் குடியேறிய குடும்பங்களில், அங்கே படித்த பெரியவர்களுக்குத் தெறிப்பு என்றால் அதுதான். பேரப்பிள்ளை ‘ஆல்பாத் தெறிப்பு’ என்று படித்தால், தங்கம் ஆல்பாவுக்குக் கண்ணாடியாக இருந்தது என்றுதான் தாத்தா விளங்கிக்கொள்வார். அவர் மேல் தப்பில்லை.

இரண்டாவது இன்னும் சுவையானது. அந்தத் தாத்தா விளங்கிக்கொள்வது போலவே கைகரும் மார்ஸ்டனும் முதலில் நினைத்தார்கள். 1909இல் அவர்கள் வெளியிட்ட கட்டுரையின் தலைப்பில் இருப்பது ஆல்பாத் துகள்களின் ‘பரவலான எதிரொளிப்பு’. பிளாட்டினத்தில் விழுந்தவற்றில் சுமார் 8,000க்கு ஒன்று திரும்பி வந்ததை அப்படித்தான் அழைத்தார்கள். ஆனால் அதே கட்டுரையில் தங்க இலைகளை ஒன்றன்மேல் ஒன்றாக அடுக்கிப் பார்த்தார்கள். திரும்புபவை ஓர் எல்லைவரை கூடிக்கொண்டே போயின. மேற்பரப்பில் பட்டுத் தெறிப்பதாக இருந்தால் முதல் இலையே போதும், அடுக்க அடுக்கக் கூடக் கூடாது. ஆகவே இது மேற்பரப்பின் வேலை இல்லை, உள்ளே அணு அணுவாக நடப்பது. 1911இல் ரூதர்போர்டின் கட்டுரைத் தலைப்பில் எதிரொளிப்பு போய்ச் சிதறல் வந்துவிட்டது. மூலமொழிக்காரர்களே சோதித்துக் கழித்த கருத்தை நாம் புதுச்சொல் என்று தூக்கிவந்து நடுக்கூடத்தில் வைக்கிறோம்.

மூன்றாவது, தெறிப்பது திரும்பி வரும். 20,000இல் 19,999ஐ இந்தச் சொல் மறைத்துவிடுகிறது. அரைப் பாகை, ஒரு பாகை விலகி நேராகப் போனவை தெறிக்கவில்லை. சிதறலில் அவையும் சேர்த்தி. 15 பாகையில் எண்ணிய ஒரு லட்சத்துச் சொச்சத்தைத் தெறிப்பு என்று யார் சொல்வார்?

‘சிதறடிக்கப்பட்டன’ பற்றியும் ஒரு வார்த்தை. ‘ஆல்பாத் துகள்கள் தங்கத் தகட்டினால் சிதறடிக்கப்பட்டன’ என்று வாசித்தால் ஆல்பா தூள்தூளாகிப் போனது போலிருக்கிறது. சிதறு என்ற வினைக்குத் தமிழில் இந்த இரண்டாவது பொருளும் இருப்பதுதான் வினை. கண்ணாடி சிதறும், பிள்ளையார் கோயில் வாசலில் தேங்காய் சிதறும். அங்கே உடைவது ஒரே பொருள். ரூதர்போர்டு சோதனையில் எதுவும் உடையவில்லை. ஆல்பா ஆல்பாவாகவே வெளியேறுகிறது. தங்க அணுக்கரு அதைவிட ஏறக்குறைய ஐம்பது மடங்கு கனம், இலேசாக உந்தப்படுவதோடு சரி. எலக்ட்ரானோ ஆல்பாவைவிட ஏழாயிரம் மடங்குக்கு மேல் இலேசு, ஆல்பாவை அசைக்கக்கூட முடியாது. சிதறு தேங்காயைப் பார்க்க வேண்டுமென்றால் ஊட்டியில் டாடா அடிப்படை ஆய்வு நிறுவனத்தின் கிரேப்ஸ்-3 நிலையத்தைப் பாருங்கள். விண்வெளியிலிருந்து வரும் காஸ்மிக் கதிர் காற்றின் அணுக்கருவில் மோதிப் புதுத்துகள்களாகப் பெருகிக் கீழே கொட்டுவதைத்தான் அங்கே தரையில் பரப்பிய உணரிகள் பிடிக்கின்றன. அதற்குப் பொழிவு என்ற நல்ல சொல் இருக்கிறது. ஆகவே செயப்பாட்டு வினையை விட்டுவிட்டு, ‘ஆல்பாக்கள் தங்கத்தில் பட்டுச் சிதறின’ என்று எழுதினால் குழப்பம் பாதி தீரும்.

‘தங்கத் தகடு’ என்பதையும் கையோடு திருத்திவிடலாம். தகடு என்றால் யந்திரம் எழுதும் செப்புத் தகடு நினைவுக்கு வரும்; விரலால் வளைத்தால் சத்தம் போடும் கனம். அந்தக் கனத்தில் தங்கத்தை வைத்தால் ஒரு ஆல்பாகூட மறுபக்கம் வராது, சில பத்து மைக்ரானுக்குள் எல்லாம் நின்றுவிடும். பொற்கொல்லர் அடித்து அடித்து மெலிதாக்குவதற்கு ரேக்கு என்று பெயர், சித்த மருந்தில் தங்கரேக்கு சேர்ப்பது எல்லாருக்கும் தெரியும். மூச்சு விட்டால் பறக்கும் அந்த ரேக்குதான் சோதனைக்குச் சரியான சொல். தகடு என்று படித்த மாணவர் ‘அதில் ஆல்பா எப்படி ஊடுருவியது’ என்று கேட்டால் மாணவர் கெட்டிக்காரர், மொழிபெயர்ப்பாளர்தான் தோற்றார்.

சிதறல் என்ற சொல்லுக்கு இந்த மலையே சாட்சி. கோத்தகிரியிலிருந்து சமவெளிப் பக்கம் பார்த்தால் தூரத்து வரிசைகள் நீலமாகத் தெரிவது, இடையிலுள்ள காற்றின் மூலக்கூறுகள் நீல ஒளியைச் சிவப்பைவிட நாலு மடங்குக்கு மேல் சிதறடிப்பதால். (நீலகிரியின் பெயர் அந்த நீலமா, குறிஞ்சிப் பூவின் நீலமா என்ற வழக்கு தனி.) மேகம் இறங்கிவிட்டால் எல்லாம் வெள்ளை. பனித்துளி ஒளியின் அலைநீளத்தைவிடப் பல மடங்கு பெரிது, அது நிறம் பார்ப்பதில்லை. குன்னூர் மலைப்பாதையில் மேகத்துக்குள் ஹைபீம் போட்டால் எதிரே வெள்ளைச் சுவர் எழும்புவதும் சிதறலே. பின்னோக்கி வரும் பங்கு சிறிதானாலும் கண்ணைக் கூச வைக்கப் போதும், அதனால்தான் விளக்கைத் தாழ்த்தச் சொல்கிறார்கள். ஆல்பாவுக்கும் ஒளிக்கும் ஒரே சொல் பொருந்துவது சொல்லின் பலம். இதற்கிடையில் முப்பட்டகத்தில் நிறம் பிரிவதையும் ‘ஒளிச்சிதறல்’ என்று எழுதுகிறவர்கள் வேறு. அது நிறப்பிரிகை. பாடநூலில் அச்சாகியிருக்கும் சொல்லைப் புரட்டிப் பார்க்காமல் புதிதாக ஆக்கக் கிளம்புவது நம் மொழிபெயர்ப்பாளர்களின் தீராத நோய்.

பிற்காலச் சோதனைகளிலும் இந்தச் சொல்லே தாங்கும். 1950களில் ஸ்டான்ஃபோர்டில் ஹாஃப்ஸ்டாட்டர் எலக்ட்ரானைச் சிதறவிட்டு, புரோட்டான் புள்ளியல்ல, அதற்கும் பருமன் உண்டு என்று கண்டார். 1960களின் கடைசியில் அதே ஊரில் மூன்று கிலோமீட்டர் நீள முடுக்கியில் எலக்ட்ரானை விரட்டி மோதியபோது உள்ளே குவார்க்குகள் என்ற இன்னும் சிறிய துகள்கள் தெரிந்தன. அதற்கு ஆழ் மீட்சியற்ற சிதறல் என்று பெயர். அங்கே புரோட்டான் நிஜமாகவே உடைகிறது. ஆனாலும் சோதனைக்குப் பெயர் சிதறல்தான். ஏனென்றால் அவர்கள் கோணம் கோணமாக எண்ணியது உடைந்த துண்டை அல்ல, விலகி வந்த எலக்ட்ரானை.

சார்ட்டுக்குத் தலைப்பு: ‘தங்கரேக்கில் ஆல்பாத் துகள் சிதறல், மான்செஸ்டர், 1909–1913’. ரேடான் குழாயின் பக்கத்தில் மட்டும் ‘சிதைவு’ என்று எழுதலாம். பத்து அம்பு வரைந்து அதில் மூன்றைத் திருப்பி விடுவதையும் நிறுத்த வேண்டும். பத்தும் சற்றே விலகி மறுபக்கம் போகட்டும். திரும்பும் அம்பைப் புள்ளிக்கோட்டில் போட்டு அதன் அருகில் ‘20,000க்கு 1’ என்று எழுதினால் போதும்.