கரண்ட் போனால் நன்றாகச் சாப்பிடும் பையன்

குடியாத்தத்திலிருந்து ஏழு வயதுப் பேரனை அழைத்து வந்த பாட்டி, கிளம்பும்போது வாசலில் நின்று சொன்னார்: "ஒன்றுதான் புரியவில்லையம்மா. ராத்திரி சாப்பிட உட்கார வைத்தால் தட்டைத் தள்ளிவிட்டு ஓடுகிறான். கரண்ட் போய்விட்டால் மட்டும் மெழுகுவத்தி வெளிச்சத்தில் வாய் பேசாமல் சாப்பிட்டுவிடுகிறான்."

வேலூரில் ஆட்டிசம் உள்ள குழந்தைகளுக்கு, சாப்பிடுவது, உடுத்துவது போன்ற அன்றாட வேலைகளுக்குப் பயிற்சி தரும் ஆக்குபேஷனல் தெரபிஸ்ட் நான். (அடையாளம் தெரியாதிருக்கச் சில விவரங்களை மாற்றியிருக்கிறேன்.) அதுவரை சாப்பாட்டின் சூடு, மணம், குழைவு எல்லாவற்றையும் விசாரித்திருந்தேன். விளக்கை விசாரிக்கவில்லை. கூடத்தைப் படம் பிடித்து அனுப்பச் சொன்னேன். பையன் உட்காரும் இடத்துக்கு நேர் மேலே, முனைகள் கறுத்துப்போன ஒரு டியூப் லைட். டியூபுக்குப் போகும் மின்சாரத்தைக் கட்டுப்படுத்தும் பழைய காப்பர் சோக்கின் 'ங்ங்' என்ற இரைச்சல் வீடியோவிலேயே கேட்டது. திரையில் கறுப்புப் பட்டைகள் மேலும் கீழும் ஊர்ந்தன.

அந்தப் பட்டைகள் கேமராவின் கோளாறல்ல. நம் மின்சாரம் நொடிக்கு 50 சுழற்சி. சுழற்சிக்கு இருமுறை என்ற கணக்கில், பழைய சோக்கில் எரியும் டியூப் நொடிக்கு 100 முறை மங்கிப் பிரகாசிக்கிறது. தேய்ந்த டியூபின் முனைகளில் இது 50 ஆகக் குறைந்து, சிலர் கண்ணுக்கே தெரியும். மற்றவர்களுக்குத் தெரியாவிட்டாலும் விழித்திரை அதைப் பதிவு செய்துகொண்டேதான் இருக்கிறது. 1989-இல் பிரிட்டனில் ஆர்னால்ட் வில்கின்ஸ் குழுவினர் ஓர் அலுவலகத்தில், ஊழியர்களுக்குத் தெரியாமல் சோக்கை மட்டும் மாற்றிப் பார்த்தார்கள். துடிப்பு மிக வேகமான எலக்ட்ரானிக் சோக்கின் கீழ், தலைவலியும் கண் அசதியும் பாதிக்கும் கீழே இறங்கின. சாதாரண ஊழியர்களுக்கே இப்படியென்றால், ஒளியையும் ஒலியையும் வடிகட்டத் தெரியாத நரம்பமைப்போடு பிறந்த குழந்தைக்கு எப்படி இருக்கும்? புலன்களின் இந்த மிகையுணர்வு மனநல மருத்துவர்கள் நோயறியப் பயன்படுத்தும், 2013-இல் வெளியான டிஎஸ்எம்-5 கையேட்டிலேயே ஆட்டிசத்தின் அடையாளங்களில் ஒன்றாக இடம்பெற்றுவிட்டது. ஆனாலும் நம் வீடுகளில் அதற்குப் பெயர் இன்னும் 'பிடிவாதம்'தான். இதைக் கேட்கும்போதெல்லாம் எனக்கு மனம் வலிக்கிறது.

"எல்இடி போட்டுவிட்டோமே" என்பார்கள். எல்இடியில் துடிப்பைத் தீர்மானிப்பது, உள்ளே மின்சாரத்தை மாற்றித் தரும் டிரைவர் என்ற சுற்று. மலிவான டிரைவர் என்றால் அதே 100 துடிப்பு, சில சமயம் பழைய டியூபைவிட மோசமாக. செல்போனில் ஸ்லோ மோஷன் வைத்து பல்பைப் படம் பிடியுங்கள். விட்டுவிட்டு எரிந்தால், குழந்தை படிக்கும் இடத்திலாவது அதை மாற்றிவிடுங்கள். பளபளக்கும் டைல்ஸ் தரையில் விளக்கு பிரதிபலிப்பதையும் கவனியுங்கள். குனிந்து கொள்ளும் குழந்தைக்கு அங்கேயும் தப்பிக்க இடமில்லை. ஒரு பாய் விரித்தால் போதும்.

நம் ஊர் வெயிலுக்கு இன்னொரு சிக்கல் உண்டு. சித்திரை பிறந்துவிட்டால் காலை ஒன்பது மணிக்கே ஜன்னலைச் சாத்திவிடுகிறோம். பகல் முழுவதும் அரையிருட்டு. இரவானால் 6500 கெல்வின் வெள்ளை விளக்கு, பதினொரு மணி வரை. (கெல்வின் ஒளியின் நிறத்தைச் சொல்லும் அளவு; எண் கூடக் கூட நீலம் கூடும்.) உடலுக்கு வேண்டியதோ இதற்கு நேர் எதிர். விழித்திரையில், பார்ப்பதற்காக அல்லாமல் பகலா இரவா என்று மூளைக்குச் சொல்வதற்கென்றே சில செல்கள் உண்டு. நீலம் கலந்த ஒளிக்குத்தான் அவை அதிகம் விழிக்கும்; இரவில் அவை விழித்தால், தூக்கத்துக்கு உதவும் மெலடோனின் சுரப்பு தள்ளிப்போகும். வெளிச்சத்தை லக்ஸ் என்ற அளவில் சொல்வார்கள். வீட்டுக்குள் டியூப் லைட் பெரும்பாலும் சில நூறு லக்ஸைத் தாண்டாது. மேகம் மூடிய காலையிலும் மொட்டை மாடியில் ஆயிரக்கணக்கில் கிடைக்கும். வெயில் ஏறுமுன் அரைமணி நேரம் குழந்தையோடு மாடியில் இருங்கள். இரவில் 2700 கெல்வின் மஞ்சள் பல்பு ஒன்று, தலைக்கு மேலே இல்லாமல் பக்கச் சுவரில்.

ஒற்றைத் தலைவலி உள்ள பெரியவர்களுக்கும் இது பொருந்தும். ஆனால் வீட்டுக்குள் நாள் முழுக்கக் கறுப்புக் கண்ணாடி அணியாதீர்கள். கண் இருட்டுக்குப் பழகி, வெளிச்சத்தில் கண் கூச்சம் கூடிவிடும். திடீரென்று கூச்சம் வந்து கண் சிவந்து வலித்தாலும், காய்ச்சலோடு கழுத்து விறைத்தாலும் அன்றே மருத்துவரிடம் போக வேண்டும். விளக்கை மாற்றிக்கொண்டு காத்திருக்கக் கூடாது.

விளக்கு ஆட்டிசத்தை உண்டாக்குவதுமில்லை, குணப்படுத்துவதுமில்லை. குடியாத்தத்துப் பையனுக்கு இன்னும் முருங்கைக்காய் பிடிக்காது, மிக்சி சத்தத்துக்குக் காதைப் பொத்திக்கொள்கிறான். டியூபை மாற்றிய பிறகு இரவுச் சாப்பாட்டுக்கு மட்டும் தானாக வந்து உட்காருகிறான். கெங்கையம்மன் சிரசுத் திருவிழாவுக்கு, சீரியல் விளக்குகள் எரியும் இரவைத் தவிர்த்து, காலையிலேயே தொப்பி போட்டு அழைத்துப்போனதாகப் பாட்டி சொன்னார். தாத்தாவின் தோளில் உட்கார்ந்து கடைசி வரை பார்த்தானாம்.