பின்சீட்டில் மூன்று நண்பர்கள்

உட்லண்ட்ஸ் சோதனைச்சாவடியை நெருங்கும்போது அக்கா மகன் பெட்ரோல் முள்ளைக் காட்டினான். முக்கால் டேங்க்குக்குக் கீழே இருந்தால் சிங்கப்பூர் காரை எல்லை தாண்ட விடமாட்டார்கள். முள் மேலேதான் இருந்தது. பாலிடெக்னிக் முடிந்து, என்எஸ் எனும் கட்டாய தேசிய சேவைக்கான கடிதமும் வந்தாயிற்று. இடையில் மலேசியாவின் ஈப்போவரை ஒரு பயணம். அப்பாவின் கார், கண்ணாடியில் புது ஓட்டுநருக்கான ஆரஞ்சு முக்கோணம், பின்சீட்டில் மூன்று நண்பர்கள், முன்சீட்டில் துணைக்கு நான்.

நண்பர்கள் ஏறும்வரை பூனைபோல் ஓட்டியவன்தான். யொங் பெங் தாண்டியதும் பின்னாலிருந்து ஒரு குரல்: "டேய், எவ்ளோ நேரம்டா இந்த லாரி பின்னாடியே?" வேக முள் 118. அங்கே உச்ச வேகம் 110.

பயம் அறியாத வயது என்போம். அது சரியல்ல. ஆபத்தைக் கணிப்பதில் பதின்ம வயதினர் பெரியவர்களுக்குப் பெரிதாகச் சளைத்தவர்கள் அல்ல. 2005இல் மார்கோ கார்ட்னரும் லாரன்ஸ் ஸ்டைன்பெர்கும் மூன்று வயதுப் பிரிவினரைக் கணினியில் கார் ஓட்டவைத்தார்கள். மஞ்சள் விளக்கு விழுந்தபிறகு எவ்வளவு தூரம் துணிகிறார்கள் என்பதே சோதனை. தனியாக இருந்தபோது பெரிய வித்தியாசம் இல்லை. நண்பர்கள் பார்த்தபோது 13–16 வயதினரின் துணிச்சல் எகிறியது. 18–22 வயதினருக்கும் கூடியது. 24ஐத் தாண்டியவர்களிடம் மாற்றமே இல்லை.

2011இல் இதே போன்ற ஆட்டத்தை மூளை ஸ்கேனுக்குள் ஆடவைத்தார்கள். நண்பர்கள் பக்கத்து அறையில்தான். அவர்கள் பார்க்கிறார்கள் என்று தெரிந்ததுமே பதின்ம வயதினரின் மூளையில் ஸ்ட்ரையேட்டத்தின் அடிப்பகுதி கூடுதலாகத் துடித்தது. கைதட்டலோ லட்டோ கிடைக்கப்போகிறது என்றால் விழித்துக்கொள்ளும் இடம் அது; டோபமைன் புழங்கும் பகுதி. பருவமடையும்போதே அது சூடேறிவிடுகிறது. 'பொறு' என்று சொல்லும் நெற்றிப்புற மூளையோ இருபதுகளின் நடுப்பகுதிவரை பக்குவப்பட்டுக்கொண்டே இருக்கிறது. அங்கிருந்து போகும் நரம்பிழைகளுக்கு மயலின் என்ற கொழுப்பு உறை முழுதாகப் படிய அவ்வளவு காலம் பிடிக்கும். ஆக்ஸிலரேட்டர் முதலில் வந்துவிட்டது, பிரேக் இன்னும் பொருத்தப்பட்டுக்கொண்டிருக்கிறது.

அப்படியானால் நான் உட்கார்ந்திருந்தும் ஏன் 118? மாமா என்பவன் பாதி நண்பன். லாரியைத் தாண்டியபோது நானும் சிரித்துத் தொலைத்தேன். அம்மா அருகில் இருந்தால் கதை வேறு. 2015இல் வெளியான ஓர் ஆய்வில், அம்மா கூட இருந்தபோது பதின்ம வயதினர் குறைவாகவே துணிந்தார்கள். ஸ்ட்ரையேட்டத்தின் துடிப்பும் தணிந்தது.

பாகோ ஓய்விடத்துக்குச் சற்று முன் ஸ்பீக்கரில் அக்காவின் அழைப்பு வந்தது. "எங்கப்பா இருக்கீங்க, சாப்பிட்டீங்களா?"

ஓர் அழைப்பு ஆய்வாகிவிடாது, தெரியும். முள் 100க்கு இறங்கியிருந்தது.