குணமான பிறகும் பிசிஆர் ஏன் பாசிட்டிவ் காட்டுகிறது?

கோவிட் வந்து, காய்ச்சல் விட்டு மூன்று வாரம் ஆகிவிட்டது, உடம்பும் தேறிவிட்டது, ஆனாலும் பிசிஆர் பாசிட்டிவ் என்றே வருகிறது, இன்னும் எத்தனை நாள் அறைக்குள்ளேயே கிடப்பது என்று ஒரு வாசகர் கேட்டிருந்தார். நோய் எதிர்ப்பாற்றலைக் குறைக்கும் நோயோ மருந்தோ இல்லாதவர் என்றால், தாராளமாக வெளியே வரலாம். பாசிட்டிவ் என்று கையில் ரிப்போர்ட் இருக்கும்போது அது எப்படி என்றால், பிசிஆர் எதைத் தேடுகிறது என்று பார்க்க வேண்டும்.

அது தேடுவது முழு வைரஸை அல்ல, வைரஸின் மரபுப் பொருளான ஆர்என்ஏவில் ஒரு சிறு துண்டை மட்டும். மூக்கிலிருந்து எடுத்த மாதிரியில் உள்ள ஆர்என்ஏவை முதலில் டிஎன்ஏவாக மாற்றிக்கொள்வார்கள். அப்புறம் சூடாக்குவது, ஆறவிடுவது, மறுபடி சூடாக்குவது, அவ்வளவுதான். சுமார் 95 டிகிரி செல்சியஸில் டிஎன்ஏவின் இரண்டு இழைகளும் பிரியும். சூடு தணிந்ததும் ஒரு நொதி ஒவ்வொரு இழைக்கும் புதிய ஜோடியைக் கட்டும். ஒன்று இரண்டாகும், இரண்டு நான்காகும், 20 சுற்றில் பத்து லட்சத்தைத் தாண்டும், 30 சுற்றில் நூறு கோடியைத் தாண்டும்.

சரி, குழாய்க்குள் நடக்கும் இந்தப் பெருக்கம் இயந்திரத்துக்கு எப்படித் தெரிகிறது? எனக்கு மிகவும் பிடித்த இடம் இதுதான். வைரஸின் அந்தத் துண்டோடு மட்டும் பொருந்தி ஒட்டிக்கொள்ளும் ஒரு குட்டி இழையைக் குழாயில் சேர்த்திருப்பார்கள். அதன் ஒரு முனையில் ஒளிரும் சாயம், மறு முனையில் அந்த ஒளியை விழுங்கிவிடும் இன்னொரு மூலக்கூறு. இரண்டும் பக்கத்தில் இருக்கும்வரை வெளிச்சம் வராது. இழையைக் கட்டிக்கொண்டே வரும் நொதி, வழியில் ஒட்டியிருக்கும் இந்தக் குட்டி இழையை வெட்டிப் போட்டுவிட்டு மேலே போகும், அப்போது சாயம் தனியே விடுபட்டு ஒளிரத் தொடங்கும். நகல் ஒன்று கூடினால் ஒளிரும் சாயமும் ஒன்று கூடும்! எத்தனையாவது சுற்றில் அந்த ஒளி குறிப்பிட்ட எல்லையைத் தாண்டுகிறதோ அதுதான் ரிப்போர்ட்டில் வரும் சிடி எண். எண் சிறியதானால் வைரஸ் நிறைய என்று பொருள். சிடி 20க்கும் 30க்கும் இடையே ஏறக்குறைய ஆயிரம் மடங்கு வித்தியாசம். ஆனால் மூக்கில் குச்சியை விட்டு எடுத்த விதம், ஆய்வகம், கருவி எல்லாவற்றையும் பொறுத்து இந்த எண் மாறும், அதனால் இதை மட்டும் வைத்து நோயின் கடுமையை நாமே கணித்துக்கொள்ளக் கூடாது.

95 டிகிரியில் சாதாரண நொதி கெட்டுவிடும். இந்தச் சூட்டைத் தாங்கி பிசிஆருக்கு முதலில் கைகொடுத்த நொதி, அமெரிக்காவின் யெல்லோஸ்டோன் வெந்நீர் ஊற்றுகளில் வாழும் ஒரு பாக்டீரியாவிலிருந்து வந்தது. 1960களில் நுண்ணுயிரியலாளர் தாமஸ் பிராக் அந்த பாக்டீரியாவைக் கண்டெடுத்தபோது எந்த நோய்க்கும் சோதனை தேடிக்கொண்டிருக்கவில்லை, அவ்வளவு சூட்டில் எது உயிர்வாழ்கிறது என்று தெரிந்துகொள்ள விரும்பினார், அவ்வளவுதான். வேதியியலாளர் கேரி மல்லிஸ் பிசிஆர் முறையை யோசித்தது 1983இல். "இந்த ஆராய்ச்சியால் உடனடிப் பயன் என்ன" என்று கேட்டு நிதியை வெட்டுகிறவர்கள் இடைப்பட்ட அந்த ஆண்டுகளை நினைத்துப் பார்க்க வேண்டும் என்பது என் உறுதியான கருத்து.

இவ்வளவு கூர்மையான சோதனைக்கு, செத்துப்போன வைரஸின் மிச்சத் துண்டும் உயிருள்ள வைரஸின் துண்டும் ஒன்றுதான். உடம்பு அந்த மிச்சங்களைக் கழித்து முடிக்க வாரக்கணக்கில் ஆகலாம், சிலருக்கு மூன்று மாதம் வரைகூட. பரப்பும் காலமோ மிகக் குறுகியது. அறிகுறி தொடங்குவதற்கு ஓரிரு நாள் முன்பே ஆரம்பித்து, தொடங்கும் நாட்களை ஒட்டி உச்சத்தில் இருந்து, பெரும்பாலோருக்குப் பத்து நாளுக்குள் ஓய்ந்துவிடும். எதிர்ப்பாற்றல் மிகக் குறைந்தவர்களுக்கு நீளும், அவர்கள் மருத்துவரைக் கேட்டே முடிவெடுக்க வேண்டும். இருமலும் வாசனை தெரியாமல் போனதும் பல வாரம் இழுக்கலாம், அவை மட்டுமே இருந்தால் இன்னும் பரப்புகிறோம் என்று ஆகாது.

ரேபிட் டெஸ்ட் தேடுவது வைரஸின் புரதத்தை. பெருக்கிப் பார்க்கும் வேலை இதில் இல்லை, ஆகவே வைரஸ் நிறைய இருந்தால்தான் பாசிட்டிவைக் காட்டும் இரண்டாவது கோடு விழும். பரப்பும் வாய்ப்பு அதிகமுள்ள நாட்களோடு இதன் பாசிட்டிவ் ஓரளவு ஒத்துப்போவது அதனால்தான். அந்தக் கோடு எவ்வளவு மங்கலாக இருந்தாலும், குறிப்பிட்ட நேரத்துக்குள் தெரிந்தால் அது பாசிட்டிவ்தான்.

ரேபிட் டெஸ்டின் நெகட்டிவை மட்டும் அவசரப்பட்டு நம்பாதீர்கள். தடுப்பூசி போட்டவர்களுக்கும் முன்பே கோவிட் வந்தவர்களுக்கும் உடம்பு சீக்கிரமே விழித்துக்கொண்டு சண்டையைத் தொடங்கிவிடும், அதனால் வைரஸ் உச்சத்தை எட்டும் முன்பே தொண்டை வலியும் காய்ச்சலும் வந்துவிடும். முதல் நாள் ஒற்றைக் கோடு, மூன்றாம் நாள் இரட்டைக் கோடு என்று வருவது இப்படித்தான். அறிகுறி இருந்தால் 48 மணி நேரம் விட்டு மறுபடி பாருங்கள். அறிகுறியே இல்லாமல், தொற்றுள்ளவரோடு இருந்ததால் சோதிக்கிறீர்கள் என்றால் அதே இடைவெளியில் மூன்று முறை பார்க்க வேண்டும், அதுவரை முகக்கவசத்தைக் கழற்றாதீர்கள், வயதானவர்கள் பக்கம் போகாதீர்கள்.