மேக்பை: தமிழில் என்ன பெயர்?

மேக்பை காக்கைக் குடும்பத்துப் பறவை. ஐரோப்பாவிலும் ஆசியாவின் குளிர்ப் பகுதிகளிலும் வயல்வெளி, தோப்பு, நகரப் பூங்கா எங்கும் வாழ்கிறது, லடாக்கிலும் உண்டு. தலையும் மார்பும் கருப்பு, தோளும் வயிறும் வெள்ளை. வெயில் பட்டால் சிறகு நீலமாக மின்னும். நீளம் சுமார் 45 செ.மீ.; அதில் பாதிக்கு மேல் வால்தான்.

லத்தீனில் இதன் பெயர் பிகா. அது பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்குப் போய் 'பை' ஆனது. 'மேக்' என்பது மார்கரெட் என்ற பெயரின் சுருக்கம். வாயாடிப் பெண்ணைக் குறிக்க வழங்கிய அந்தப் பெயரை, சளசளவென்று கத்தும் பறவைக்கும் சூட்டிவிட்டார்கள். மண், சுண்ணாம்பு என்று உணவல்லாததைத் தின்னும் கோளாறுக்கு மருத்துவத்தில் 'பிகா' என்று பெயர் வந்ததும் இந்தப் பறவையால்தான்.

பிரிட்டனில் ஒற்றை மேக்பையைப் பார்த்தால் துக்கம், இரண்டைப் பார்த்தால் மகிழ்ச்சி என்பார்கள். சீனாவில் இதன் பெயரிலேயே மகிழ்ச்சி இருக்கிறது. பிரிந்த காதலர் சந்திக்க, ஏழாம் மாதம் ஏழாம் நாள் இரவில் இப்பறவைகள் வானத்து ஆற்றின் குறுக்கே பாலமாகக் கூடும் என்பது அங்குள்ள கதை.

பளபளக்கும் பொருளைத் திருடும் என்ற பழி மட்டும் நியாயமில்லாதது. எக்ஸிட்டர் பல்கலைக்கழகத்தார் 2014-இல் வெளியிட்ட ஆய்வில், இவை பளபளப்பானவற்றைக் கண்டு ஒதுங்கவே செய்தன. அறிவிலோ குறைவில்லை. 2008-இல் ஜெர்மனியில் நடந்த சோதனை ஒன்றில், தொண்டையில் வண்ணப்பொட்டு ஒட்டிய பறவைகளைக் கண்ணாடி முன் விட்டார்கள். சில பறவைகள் பிம்பத்தைப் பார்த்து, தங்கள் தொண்டையிலிருந்த பொட்டைச் சுரண்டி எடுக்க முயன்றன.

சரி, தமிழில்? 'ட்ரீபை' என்ற உறவுப் பறவைக்கு வால்காக்கை என்ற அழகான பெயர் ஏற்கெனவே இருக்கிறது. அதே வழியில் மேக்பையைக் கருவெள்ளை வால்காக்கை எனலாம் என்பது என் பரிந்துரை. குடும்பம், வால், நிறம் மூன்றும் பெயரிலேயே வந்துவிடும்.

பெயரில் மேக்பை இருந்தாலும் மேக்பை ராபின் வேறு இனம். அதற்குக் குண்டுகரிச்சான் இருக்கிறது. ஆஸ்திரேலிய மேக்பையும் காக்கைக் குடும்பம் இல்லை, எனவே அதற்கு வால்காக்கை பொருந்தாது. ஆங்கிலத்தில் மனிதரை மேக்பை என்று சொன்னால், இடத்துக்கேற்ப வாயாடி என்றோ கண்டதையும் சேர்த்துவைப்பவர் என்றோ எழுதினால் போதும்; அங்கே பறவையைக் கொண்டுவர வேண்டாம்.