'கைவினைக் கிராமம் விசிட்' என்று போட்டிருக்கிறதா? ஹனோய் கிளம்பும் முன் கேட்டுக்கொள்ளுங்கள்

வியட்நாம் பேக்கேஜ் தாள்களில் ஹனோய்க்கு நேராக ஒற்றை வரி இருக்கும்: "காலை பாரம்பரியக் கைவினைக் கிராமங்கள், மாலை ஸ்ட்ரீட் ஃபுட் டூர்." நம்மூர்க் குழுக்களை அங்கே அழைத்துப்போகிற டூர் மேனேஜர் வேலை எனக்கு. அந்த ஒற்றை வரியை எப்படியெல்லாம் நிறைவேற்றலாம் என்பது தெரியும். ஏறக்குறைய ஒரே விலைக்கு விற்கும் இரண்டு பேக்கேஜில், ஒன்றில் நெசவாளர் தறியை நிறுத்தி நூலை உங்கள் கையில் கொடுப்பார். மற்றதில் நெடுஞ்சாலையோர ஏசி ஷோரூமில் முக்கால் மணி நேரம் நிற்பீர்கள். தாளில் இரண்டுக்கும் 'கிராமம்' என்றுதான் பெயர்.

அந்த ஷோரூம்களைப் பெரும்பாலும் ஹா லாங் விரிகுடாவுக்குப் போகும் வழியில் பார்க்கலாம். கழிப்பறை சுத்தமாக இருக்கும், பஸ் நிறுத்த இடம் இருக்கும். வாசலருகே சில பெண்கள் குனிந்து எம்பிராய்டரி போட்டுக்கொண்டிருப்பார்கள். அவர்கள் கைத்திறனில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் அந்த நாலு மேசையைத் தாண்டியதும் பில்லிங் கவுண்டர்வரை கடைதான். நீங்கள் வாங்கும் பொருளில் பஸ்ஸைக் கொண்டுவந்து நிறுத்தியவர்களுக்கும் பங்கு உண்டு. பேக்கேஜ் விலை நம்ப முடியாத அளவுக்கு மலிவாக இருந்தால், குறைந்த பணம் இங்கேதான் திரும்ப வசூலாகிறது.

எனவே முன்பணம் கட்டும் முன்பே கேளுங்கள்: எந்தக் கிராமம், பெயர் என்ன? அங்கே எத்தனை மணி நேரம்? யாருடைய பட்டறை? ஷாப்பிங் ஸ்டாப் எத்தனை? பதிலை வாட்ஸ்அப்பில் எழுத்தாக வாங்கிக்கொள்ளுங்கள். 'லோக்கல் வில்லேஜ்' என்று மட்டும் பதில் வந்தால் இன்னும் எதையும் ஏற்பாடு செய்யவில்லை என்று பொருள்.

வழிகாட்டி யார் என்பதையும் கேளுங்கள். வியட்நாமின் 2017-ஆம் ஆண்டுச் சுற்றுலாச் சட்டப்படி, வழிகாட்டி அட்டை வியட்நாம் குடிமக்களுக்குத்தான். என்னைப் போல் சென்னையிலிருந்து கூட வருகிறவர் குழுவைக் கவனித்துக்கொள்ளலாம், மொழிபெயர்க்கலாம். வழிகாட்டியாக நிற்க முடியாது. "எங்க ஆளே எல்லாம் சொல்வார், லோக்கல் கைடு வேண்டாம்" என்று சொல்லும் நிறுவனம் காசை மிச்சம்பிடிக்கிறது. பட்டறைக்காரரோடு அவர் மொழியில் பேச ஆள் இல்லையென்றால் கிராமத்துக்குப் போவதில் பாதிப் பயன் போய்விடும்.

அடுத்தது வரைபடம். 'ஒரே நாளில் ஐந்து கிராமம்' என்று யாராவது சொன்னால் கூகுள் மேப்பைத் திறந்து பாருங்கள். மண்பாண்டத்துக்குப் பெயர்போன பாட் ட்ராங், நகருக்குத் தென்கிழக்கே சிவப்பு நதியின் எதிர்க்கரையில், ஏறக்குறைய 13 கிலோமீட்டரில் இருக்கிறது. மரக்கட்டை அச்சுப் படங்களுக்கான டோங் ஹோ அதையும் தாண்டிக் கிழக்கே, பாக் நின் மாகாணத்துப் பக்கம். பட்டு நெய்யும் வான் ஃபுக் நேர் எதிர்த் திசையில், தென்மேற்கே 10 கிலோமீட்டர். கூம்புத் தொப்பி செய்யும் சுவோங்கும் ஊதுபத்திக் குச்சிக்கான குவாங் ஃபூ காவும் அதே பக்கம் இன்னும் கீழே. கடைசி ஊர் நகரிலிருந்து 35 கிலோமீட்டர் இருக்கும். கிழக்கு ஒரு நாள், தென்மேற்கு ஒரு நாள் என்று பிரித்தால்தான் சரிவரும். ஒரே நாள்தான் உண்டென்றால் ஒரு பக்கத்தில் இரண்டு ஊர் போதும் என்பேன். குழுவில் சிலருக்கு இது பிடிக்காது, 'குறைச்சுட்டீங்களே சார்' என்பார்கள்.

நேரம் இன்னும் முக்கியம். அங்கே வேலை விடிகாலையில் தொடங்கிவிடும். பதினொன்றரைக்குச் சாப்பாடு, பிறகு தூக்கம். ஒன்றரை மணிவரை பட்டறைகள் அமைதியாகக் கிடக்கும். ஹோட்டல் பிரேக்ஃபாஸ்ட்டை நிதானமாக முடித்து ஒன்பதரைக்குக் கிளம்பும் குழு, இரண்டாவது ஊரில் நின்றுபோன தறியைத்தான் போட்டோ எடுக்கும். ஏழு மணிக்குக் கிளம்பிவிடுங்கள்.

பாட் ட்ராங்கில் சக்கரத்தில் உட்கார்ந்து மண் குழைக்கக் காசு வாங்குவார்கள். குழந்தைகளுக்குக் கொண்டாட்டம். ஆனால் நீங்கள் செய்த கிண்ணம் அன்றே கையில் வராது. காய வேண்டும், பிறகு 1,200 டிகிரி அளவுச் சூட்டில் சூளையில் வேக வேண்டும். சுடாத மண்ணில் பெயின்ட் அடித்து அப்படியே கட்டிக் கொடுத்தால், அது சூட்கேஸில் சென்னை வருவதற்குள் பொடி. சுட்டுத் தருவார்களா, ஹோட்டலுக்கு அனுப்புவார்களா என்று உட்காரும் முன்பே பேசிக்கொள்ளுங்கள்.

ஊரில் நிலக்கரிச் சூளைகள் போய் கேஸ் சூளைகள் வந்துவிட்டன. புகை குறைந்தது, கிண்ணங்கள் வீணாவதும் குறைந்தது. களிமண்ணும் இப்போது வெளியூரிலிருந்துதான் வருகிறது. கடைத்தெருவில் அடுக்கியிருக்கும் பெரும்பாலான பொருள்கள் சக்கரத்தில் எழுந்தவை அல்ல. நீர்த்த களிமண்ணை பிளாஸ்டர் அச்சில் ஊற்றி எடுத்தவை. குடுவையின் பக்கவாட்டில் நகத்தை ஓட்டிப் பாருங்கள், அச்சின் இரு பாதி சேர்ந்த இடம் மெல்லிய வரம்பாகத் தட்டுப்படும். நன்றாகத் தேய்த்திருந்தால் அதுவும் தெரியாது. அச்சு வார்ப்பு மோசடி இல்லை, அதற்குரிய விலை கொடுத்தால் சரி. 'ஹேண்ட்மேட்' என்று மூன்று மடங்கு கேட்கும்போதுதான் நகம் உதவும். சாப்பிடும் பாத்திரம் வாங்குகிறவர்களுக்கு ஒன்று: உட்புறத்தில் கண்ணாடி போன்ற மெருகுப் பூச்சுக்கு மேல் பளிச்சென்ற வண்ணப் படம் ஒட்டிய கிண்ணத்தில் புளிக்குழம்பு, ரசம் ஊற்ற வேண்டாம். எந்த நாட்டுப் பீங்கானாக இருந்தாலும் அப்படிப்பட்ட வண்ணத்தில் ஈயம், காட்மியம் இருக்க வாய்ப்புண்டு. புளிப்பு அதைக் கரைக்கும்.

வான் ஃபுக்கில் நம்மவர்களுக்கு வேறு விதமான குழப்பம். தறிக்கு மேலே தொங்கும் ஓட்டை போட்ட ஜக்கார்டு அட்டைகள் காஞ்சிபுரம், ஆரணிப் பக்கத்து ஆட்களுக்குப் பழகியவைதான். துணியைத் தொட்டதும்தான் சந்தேகம் வரும். "ஏன் தம்பி, இது பட்டா? நைலெக்ஸ் மாதிரி வழுக்குதே" என்று ஒரு பெரியம்மா கேட்டார். "பட்டுதாம்மா. நம்ம ஊர்ல மூணு இழை முறுக்கி ஜரிகை சேர்த்து நெய்யறோம். இவங்க ஆவோ ஸாய்னு பொண்ணுங்க போடற நீள அங்கி தைக்க மெல்லிசா நெய்யறாங்க" என்றேன். கனத்தை வைத்து அங்கே பட்டை எடைபோடக் கூடாது. ஓரத்து நூல் ஒன்றை உருவிக் கொளுத்திக் காட்டச் சொல்லுங்கள். முடி கருகும் வாடை வந்து, சாம்பல் விரலில் நொறுங்கினால் பட்டு. உருகி உருண்டையாகத் திரண்டால் பாலியஸ்டர். நேர்மையான கடைக்காரர் லைட்டரை அவரே எடுப்பார். 2017 அக்டோபரில், பெயர்பெற்ற வியட்நாமியப் பட்டுக் கடை ஒன்றின் ஸ்கார்ஃபில் 'மேட் இன் சைனா' லேபிளும் இருந்ததை ஒரு வாடிக்கையாளர் அம்பலப்படுத்த, சீனச் சரக்கைக் கலந்து விற்றதை உரிமையாளரே ஒப்புக்கொண்டார். பெரிய பெயர்ப் பலகை எதற்கும் உத்தரவாதம் இல்லை.

சுவோங் எனக்குப் பிடித்த ஊர், ஆனால் பேக்கேஜ்களில் அரிதாகத்தான் இருக்கும். பெரிய கடை இல்லை, கமிஷன் இல்லை, வேறென்ன காரணம்! வாசல் திண்ணையில் வயதான பெண்கள் உட்கார்ந்து, வெயிலில் வெளுத்த பனையோலை இனத்து இலையைச் சூடான இரும்பின்மேல் வைத்துத் துணிப்பொதியால் இழுத்து நீவுவார்கள். சுருக்கம் போய் ரிப்பன் போல நேராகும். கூம்பு அச்சில் 16 மூங்கில் வளையம், உள்ளே ஒரு இலை அடுக்கு, நடுவே மூங்கில் மடல், மேலே இன்னொரு இலை அடுக்கு. பிறகு தூண்டில் நரம்பு போன்ற மெல்லிய நைலான் இழையில் தையல். இழை தீர்ந்து முடிச்சுப் போட வேண்டிய இடத்தில் முடிச்சை இலைக்குள் ஒளித்துவிடுவார்கள். நல்ல தொப்பியை வெயிலுக்கு நேரே பிடித்தால் வளையங்கள் சீராகத் தெரியும், ஓட்டை தெரியாது. சந்தை சந்திர மாதத்தின் 4, 10, 14, 20, 24, 30 ஆகிய நாள்களில் விடியற்காலையில் கூடும். உங்கள் தேதி அதில் விழுகிறதா என்று வழிகாட்டியைப் பார்க்கச் சொல்லுங்கள்.

குவாங் ஃபூ காவ் இன்ஸ்டாகிராமால் பிரபலமான ஊர். சிவப்புச் சாயம் தோய்த்த மூங்கில் குச்சிக் கட்டுகளை விசிறிபோல் விரித்து முற்றத்தில் காயவைப்பார்கள். இப்போது போட்டோவுக்கென்றே அடுக்கி வைத்த முற்றங்கள் இருக்கின்றன, 50,000 முதல் 100,000 டோங் வரை வாங்குவார்கள். அதில் எனக்கு ஆட்சேபமில்லை. ஒருவர் காயவைத்த சரக்கை நூறு பேர் மிதித்துவிட்டுப் போவதைவிட இது மேல். ஆனால் மழை, தூறல் நாளில் போனால் வெறும் முற்றம்தான். பிப்ரவரி, மார்ச் மாதத்தில் ஹனோயில் நாள்கணக்கில் பிசுபிசுத் தூறல் இருக்கும். நம் பூஜையறைக்கும் இந்தத் தொழிலுக்கும் தொடர்பு உண்டு. வியட்நாமிலிருந்து ஊதுபத்தியும் மூங்கில் குச்சியும் இந்தியாவுக்குப் பெருமளவில் வந்துகொண்டிருந்தன. 2019 ஆகஸ்டில் இந்திய அரசு ஊதுபத்தி இறக்குமதிக்குக் கட்டுப்பாடு போட்டது, 2020-இல் மூங்கில் குச்சிக்கான சுங்கவரியை 10-லிருந்து 25 சதவீதமாக உயர்த்தியது. இங்கே உள்ளூர்த் தொழிலைக் காப்பாற்ற எடுத்த முடிவால், அங்கே முற்றங்களில் குச்சி தேங்கியது. போட்டோவுக்குக் கட்டணம் வாங்குவதை அந்தக் கண்ணோடும் பார்க்கலாம்.

அரக்குப் பூச்சு வேலைக்கான ஹா தாய் போகிறவர்களில் தோல் ஒவ்வாமை உள்ளவர்கள் ஈர அரக்கைத் தொடாதீர்கள். அது ஒரு மரத்தின் பால், அந்த மரம் சேங்கொட்டையின் குடும்பம். முழுக்கக் காய்ந்து மெருகேறிய பொருளால் பொதுவாகத் தொந்தரவில்லை.

இனி சாப்பாடு. மாலையில் பழைய நகரப் பகுதியில் நடத்திக் கூட்டிப்போவார்கள். காலையில் பார்த்த கிராமங்களுக்கும் இந்தத் தெருக்களுக்கும் பழைய உறவு. கிராமத்துக் கைவினைஞர்கள் தலைநகருக்கு வந்து தொழில்வாரியாகக் குடியேறி உருவான தெருக்கள் இவை. ஹாங் தியெக் தெருவில் இன்றும் தகரம் தட்டும் சத்தம் கேட்கும்.

என் குழுக்களில் பாதிப் பேர் சைவம். அவர்களுக்கு 'மாமிசம் வேண்டாம்' என்று சொன்னால் போதாது. ஃபோ எனும் நூடுல்ஸ் சூப் கேட்டால் கறித் துண்டை எடுத்துவிட்டுத் தருவார்கள், சாறு பல மணி நேரம் எலும்பு வேகவைத்தது. முட்டை மட்டும் வைத்த பான் மீ, அதாவது வியட்நாம் சாண்ட்விச் கேட்டால் ரொட்டியின் உள்ளே ஈரல் விழுது தடவியிருக்கும். பாசிப்பருப்பு தூவிய மஞ்சள் ஒட்டரிசிச் சோறு பார்க்க வெண்பொங்கலின் தங்கை மாதிரி இருக்கும், மேலே ஊற்றுவது பன்றிக் கொழுப்பாகவோ கோழிக் கொழுப்பாகவோ இருக்கும். தொட்டுக்கொள்ளத் தரும் வெளிர்பழுப்புத் தண்ணீர் எல்லாவற்றிலும் மீன் சாறு, அதாவது நூக் மாம். அசைவம் சாப்பிடும் முஸ்லிம் நண்பர்களுக்கும் இதே எச்சரிக்கைதான். ஹனோயின் புகழ்பெற்ற மதியச் சாப்பாடான புன் சா முழுக்கப் பன்றிக்கறி.

வழி இருக்கிறது. 'அன் சாய்' என்று சொல்லுங்கள். புத்த மத வழக்கப்படியான சைவம் அது, மீன் சாறும் கூடாது என்பது கடைக்காரருக்குப் புரியும். ரோமன் எழுத்தில் சி, எச், ஏ, ஒய் என்று பலகையில் பார்த்தால் தயங்காமல் நுழையலாம். சந்திர மாதத்தின் முதல் நாளும் பதினைந்தாம் நாளும், அதாவது நம் அமாவாசை, பௌர்ணமியை ஒட்டி, பலரும் அங்கே சைவம் சாப்பிடுவார்கள். அன்றைக்குச் சைவக் கடைகளில் கூட்டமும் வகையும் கூடுதல். வறுத்த டோஃபுவை இறால் விழுதோடு தருவார்கள், அதற்குப் பதில் சோயா சாஸ் கேளுங்கள். பாகில் மிதக்கும் மெத்தென்ற டோஃபுவான தாவ் ஃபொ, தேங்காய்ப்பால் ஊற்றிய இனிப்பான சே, கரியில் சுட்ட சர்க்கரைவள்ளி என்று வயிறு நிறைய வழி உண்டு. நிலக்கடலை ஒவ்வாமை இருப்பவர்கள் வழிகாட்டியிடம் வியட்நாம் மொழியில் எழுதி வாங்கி போனில் வைத்துக்கொள்ளுங்கள். கடலைக்கு ஹனோயில் ஒரு சொல், சைகோனில் வேறு சொல். இரண்டையும் எழுதச் சொல்லுங்கள்.

முட்டைக் காபி: 1946-இல் பால் தட்டுப்பாட்டின்போது மெட்ரோபோல் ஹோட்டலில் வேலை பார்த்த நுயென் வான் ஜாங் பாலுக்குப் பதில் மஞ்சள் கருவை அடித்துச் சேர்த்துக் கண்டுபிடித்தது. பிரமாதம். ஆனால் கரு சரியாக வேகாதது, கர்ப்பிணிகள் தவிர்க்கலாம்.

தெருக்கடை என்றாலே அசுத்தம் என்பதில்லை. ஒரே ஒரு பதார்த்தம் மட்டும் விற்று, கொதிக்கக் கொதிக்கத் தந்து, உள்ளூர்க்காரர்களால் நிரம்பி வழியும் கடைதான் என் தேர்வு. பயப்பட வேண்டியது வெளியே வெக்கையில் மணிக்கணக்கில் ஆறிக்கிடக்கும் உள்ளடக்கத்துக்கு. 2024 மே மாதம் டோங் நாய் மாகாணத்து லாங் கானில் ஒரு கடையின் பான் மீ சாப்பிட்ட 500-க்கும் மேற்பட்டவர்கள் நோயுற்றார்கள். கிராமத்தில் அன்போடு ஊற்றித் தரும் வீட்டு அரிசிச் சாராயத்தை நெஞ்சில் கைவைத்து மறுத்துவிடுங்கள். மெத்தனால் கலந்திருந்தால் வாசனையோ நிறமோ காட்டிக்கொடுக்காது.

காசு கொடுக்கும்போது வெளிச்சத்தில் நின்று கொடுங்கள். 20,000 டோங் நோட்டும் 500,000 டோங் நோட்டும் இரண்டும் நீலம். மங்கலான தெருவிளக்கில் இருபத்தைந்து மடங்கு கொடுத்துவிட்டு நகர்ந்தவர்கள் உண்டு.

கடைசியாக ஒன்று, இதை ஏஜென்ட்கள் கவனிப்பதே இல்லை. தெருவுணவு மாலையை, மறுநாள் ஹா லாங் படகிலோ ஊர் திரும்பும் விமானத்திலோ ஏறும் நாளுக்கு முந்தைய இரவில் வைக்கிறார்கள். வயிறு கோளாறு செய்ய ஆறு மணி நேரமும் ஆகலாம், இரண்டு நாளும் ஆகலாம். பயணத்தின் தொடக்கத்திலேயே, அடுத்த நாளும் ஹனோயிலேயே தங்குகிற மாதிரி அதை மாற்றிப் போடச் சொல்லுங்கள். ஓ.ஆர்.எஸ். பாக்கெட்டை மட்டும் சூட்கேஸில் வைக்காமல் கைப்பையில் வையுங்கள்.