அந்த மதிப்பை யார் மாற்றப் போகிறார்கள்?

ஜாவா புரோகிராமைத் தனித்தனி மாட்யூல்களாகப் பிரித்து ஓட்டும் ஓஎஸ்ஜிஐயில் சர்வீஸ் எழுதும் எல்லோரும் ஒரு கட்டத்தில் இந்தக் கேள்வியில் வந்து நிற்பார்கள்: டைம்அவுட், போர்ட் எண், டேட்டாபேஸ் முகவரி, இதையெல்லாம் எங்கே வைப்பது? எந்த வழி சுத்தமானது என்று வாதாடுவதைவிட, அந்த மதிப்பை யார், எப்போது மாற்றப் போகிறார்கள் என்று கேட்டாலே பாதி விடை கிடைத்துவிடும்.

மதிப்பை எக்ஸ்எம்எல் ஃபைலில் எழுதுவதா, கோடிலேயே அனோட்டேஷனாகப் போடுவதா என்பது சின்ன விஷயம். சர்வீஸை விவரித்துவிட்டால் ஃப்ரேம்வொர்க்கே அதை உருவாக்கி ஓட்டும் டிக்ளரேட்டிவ் சர்வீசஸ் முறை 2005இல் வந்தபோது எக்ஸ்எம்எல்லைக் கையால் எழுதினார்கள். இப்போது அனோட்டேஷன் போட்டால் பில்ட் நேரத்தில் பிஎன்டி என்ற கருவி அதைப் படித்து அதே எக்ஸ்எம்எல்லை உருவாக்கித் தருகிறது, ரன்டைம் அனோட்டேஷனைத் திரும்பிக்கூடப் பார்ப்பதில்லை. அனோட்டேஷனையே எடுங்கள். ஆனால் இரண்டு வழியிலும் மதிப்பு ஜாருக்குள், அதாவது பில்ட்டில் வரும் ஃபைலுக்குள்தான் அடைபட்டுக் கிடக்கும், அதை மாற்ற மறுபடி பில்ட் செய்ய வேண்டும். டெவலப்பர் மட்டுமே தொடுகிற மதிப்பு என்றால் அது போதும்.

சர்வரைப் பார்த்துக்கொள்பவர் மாற்ற வேண்டியது என்றால் மதிப்புகளை வெளியிலிருந்து கொடுக்க உதவும் ஓஎஸ்ஜிஐயின் கன்ஃபிகரேஷன் அட்மின்தான் சரி. ஒவ்வொரு காம்பொனென்ட்டுக்கும் (சர்வீஸைத் தரும் கிளாஸ்) பிஐடி என்று ஓர் அடையாளம் உண்டு, அந்தப் பெயரில் மதிப்புகளைக் கொடுத்தால் ஜாருக்குள் இருக்கிற டிஃபால்ட்டை அவை மேலெழுதிவிடும். அப்பாச்சி ஃபெலிக்ஸ் என்ற ஓஎஸ்ஜிஐ ஃப்ரேம்வொர்க்கின் ஃபைல் இன்ஸ்டால் கருவி இருந்தால் ஒரு ஃபோல்டரில் ஃபைலைப் போட்டாலே போதும், ஃபைலின் பெயர்தான் பிஐடி.

இங்கேதான் நான் மாட்டினேன். பிஐடியைத் தனியாகச் சொல்லாவிட்டால் கிளாஸின் முழுப் பெயரே பிஐடி ஆகிவிடும். ஒருமுறை ஒரு கிளாஸை வேறு பேக்கேஜுக்கு நகர்த்தினேன், ஃபைல் பழைய பெயரிலேயே இருந்தது. எந்த எர்ரரும் வரவில்லை, காம்பொனென்ட் டிஃபால்ட் மதிப்போடு அமைதியாக ஓடிக்கொண்டிருந்தது, காரணம் பிடிபட ஒரு நாள் முழுக்கப் போனது. அப்புறம் இரண்டு பழக்கம் வந்தது: பிஐடியை நானே எழுதிவிடுவேன், கன்ஃபிகரேஷன் பாலிசியை 'ரிக்வயர்' என்று வைப்பேன். அப்படி வைத்தால் கன்ஃபிகரேஷன் வந்து சேரும்வரை காம்பொனென்ட் எழும்பவே எழும்பாது. முகவரி, பாஸ்வேர்ட் மாதிரி நல்ல டிஃபால்ட் என்று ஒன்று இருக்கவே முடியாத மதிப்புகளுக்கு இது கட்டாயம் வேண்டும்.

ஓடிக்கொண்டிருக்கும்போது மதிப்பு மாறினால்? மாற்றத்தைப் பெற்றுக்கொள்ளும் 'மாடிஃபைடு' மெத்தட் இல்லையென்றால் ஃப்ரேம்வொர்க் காம்பொனென்ட்டை இறக்கிவிட்டு, புது மதிப்போடு புதிதாக ஒன்றை ஏற்றும். அதன் சர்வீஸ் ஒரு கணம் மறையும், அதை ஸ்டாட்டிக்காக, அதாவது ஓடும்போது மாற்றிக்கொள்ள முடியாதபடி பிடித்துக்கொண்டிருக்கும் மற்ற காம்பொனென்ட்டுகளும் சங்கிலியாக விழுந்து எழும். டைம்அவுட்டை 30இலிருந்து 60 ஆக்கியதற்கு இவ்வளவு அமர்க்களம் தேவையா? அந்த மெத்தடை எழுதிவிட்டால் ஆப்ஜெக்ட் அப்படியே இருக்கும், புது மதிப்பு மட்டும் கைக்கு வரும். ஆனால் போர்ட் எண் மாறினால் நான் அந்த மெத்தடை நம்புவதில்லை. பழைய சாக்கெட்டை மூடி, புதியதைத் திறந்து, நடுவில் தவறினால் சமாளித்து என்று போவதைவிட, முழுசாக இறங்கி ஏறட்டும் என்று விட்டுவிடுவேன்.